பாட் சிம்ப்சனுக்கு இன்னும் 10 வயது: காட்டூன் காட்டும் பழைய காலத்தை நம்பலாமா?

திண்ணைக்காரன்:
நேற்று இரவு மகனோடு இருந்து சிம்ப்சன்ஸ் என்ற அமெரிக்கக் காட்டூன் தொடரின் பழைய எபிசோட் ஒன்று பார்த்தேன். 1991இல் வந்தது. வீட்டு ரீவி பழுதாகிவிடும். பொழுது போகாமல் இருக்கும் பிள்ளைகளுக்கு, தானும் தகப்பன் ஹோமரும் 1974இல் பள்ளிக்கூடத்தில் சந்தித்த கதையைத் தாய் மார்ஜ் சொல்லத் தொடங்குவாள்.

எனக்குக் கோண்டாவில் வீட்டு விறாந்தை அப்படியே கண்ணுக்குள் வந்தது. 1990இல் யாழ்ப்பாணத்துக்குக் கரண்ட் நின்ற பிறகு எங்கள் வீட்டிலும் இதுதான் நடந்தது. ஜாம் போத்தல் விளக்கு, அடியில் பஞ்சு, அது நனையும் அளவுக்கு மண்ணெண்ணெய். அந்த வெளிச்சத்தில் அம்மம்மா தன் கலியாணக் கதையைத் தொடங்குவா. ரீவி ஓடிய காலத்தில் ஒருத்தரும் அவவிடம் கேட்டதில்லை.

போன காலத்துக்கு ஏங்குவதை இந்தக் காட்டூன் நகைச்சுவைத் தொடர்கள் சொல்லும் அளவுக்கு வேறு எந்தத் தொடரும் சொல்லவில்லை என்பேன். அவர்களின் மகன் பாட் 1989இல் 10 வயதுப் பெடியன், இன்றைக்கும் 10. பார்க்கிற எங்களுக்குத்தான் தலை நரைக்கிறது.

வேப்பமரத்தடி:
எனக்கு உடன்பாடில்லை அண்ணை. நீங்கள் சொன்ன அந்த 1974 இப்போது எங்கே? 2008இல் அதே தொடர் இன்னொரு எபிசோட்டில் ஹோமர், மார்ஜ் இருவரின் இளமையையும் 1990களுக்குக் கொண்டுவந்துவிட்டது. ஹோமர் அந்தக் காலத்துக் கிரஞ்ச் என்ற ரொக் இசைக்குப் பாட்டுக்குழு நடத்துகிறான். வயது ஏறாத பாத்திரம் என்றால் வேறு வழியில்லை, வருடம் போகப் போக அவர்களின் இளமைக் காலத்தையும் பின்னால் இழுத்து வரத்தான் வேண்டும்.

இடம் மாறிக்கொண்டே இருக்கும் காலத்தை நினைத்து எப்படி ஏங்குவது? 1995 ஒக்டோபர் 30 இரவு சண்டைக்குப் பயந்து யாழ்ப்பாணத்தை விட்டு நாவற்குழிப் பக்கம் போன சனத்தில் நானும் ஒருவன். எனக்கு 9 வயது. மழைக்குள் அப்பாவின் சைக்கிள் கரியரைப் பிடித்துக்கொண்டு நடந்தேன். அந்தத் திகதியை யாராவது 2005 என்று மாற்றி எழுத ஏலுமா?

இரவுப்பறவை:
சிம்ப்சன்ஸுக்கு அது சரி. ஃபியூச்சராமா என்ற இன்னொரு காட்டூனுக்குப் பொருந்தாது. பீட்சா கொண்டுபோய்க் கொடுக்கும் ஃபிரை 1999 கடைசி இரவில் உறைந்துபோய் 1000 வருடம் கழித்து எழும்புகிறான். 2002இல் வந்த ஒரு எபிசோட்டில் கல்லாகிப்போன தன் நாயைக் கண்டெடுக்கிறான். உயிர்ப்பிக்க வழி இருக்கிறது. ஆனால் தான் போன பிறகும் அது 12 வருடம் வாழ்ந்திருக்கிறது, தன்னை மறந்திருக்கும் என்று நினைத்து விட்டுவிடுகிறான். கடைசிக் காட்சி பார்க்கிற எங்களுக்கு மட்டும்தான். அந்த 12 வருடமும் நாய் பீட்சாக் கடை வாசலிலேயே காத்திருந்து கண்ணை மூடுகிறது.

நாங்களும் 1995இல் நாயை அவிழ்த்துவிட்டுத்தான் போனோம். ஆறு மாதம் கழித்துத் திரும்பியபோது கிணற்றடியில் சங்கிலி கிடந்தது. அந்த எபிசோட்டை நான் இரண்டாம் முறை பார்க்கவில்லை.

வேப்பமரத்தடி:
அந்த நாய்க் கதைக்கு எதிராக எனக்கு ஒன்றும் சொல்ல வரவில்லை.

ஆனால் சவுத் பார்க் என்ற காட்டூன் 2016இல் என்ன காட்டியது? பேசும் பழங்கள். சாப்பிடுகிறவனிடம் 'ஞாபகம் இருக்கா, ஞாபகம் இருக்கா' என்று பழைய படங்களைப் பற்றிக் கொஞ்சிக் கொஞ்சிக் கேட்கும். அப்படியே பேச்சு, வெளியாட்கள் இவ்வளவு பேர் இல்லாத காலம் ஞாபகம் இருக்கா என்று போகும். நான் பயப்படுவது இதற்குத்தான். 'அந்தக் காலத்து யாழ்ப்பாணம்' என்று படம் போட்டு எழுதுகிறோம். கோயில் திருவிழா, நாதஸ்வரம், தவில் எல்லாம் வரும். 1968இல் மாவிட்டபுரம் கோயிலுக்குள் விடச் சொல்லி வாசலில் நின்ற, சாதியால் ஒதுக்கப்பட்ட சனம் மட்டும் அந்தப் படங்களில் இருப்பதில்லை.

திண்ணைக்காரன்:
மாவிட்டபுரம் சரி, முழுக்க ஒத்துக்கொள்கிறேன். அதை மறைக்கிற ஏக்கம் எனக்கும் வேண்டாம். சிம்ப்சன்ஸ் நல்லாக இருந்த காலத்தில் மறைக்கவில்லை, அதைத்தான் சொல்ல வருகிறேன். 1995இல் வந்த எபிசோட் ஒன்று. அல்பத்தைப் புரட்டும் பிள்ளைகள், கடைசிப் பிள்ளை மாகியின் படம் ஒன்றும் இல்லையே என்று கேட்பார்கள். ஹோமர் வெறுத்த அணு உலை வேலையை விட்டு, ஆசைப்பட்ட பௌலிங் கூடத்தில் சந்தோசமாக இருந்திருக்கிறான். மாகி வயிற்றில் வந்ததும் சம்பளம் காணாமல் பழைய வேலைக்கே திரும்பி வந்து கெஞ்ச வேண்டியதாகிவிட்டது. 'இனி என்றைக்கும் இங்கேதான், மறக்காதே' என்று அவன் முன்னால் முதலாளி ஒரு பலகை அடித்துவைக்கிறார். மாகியின் படங்கள் எல்லாம் அந்தப் பலகையில்தான். எழுத்துகளில் பாதியை மறைத்து, 'அவளுக்காகச் செய்' என்று வாசிக்கும்படி ஒட்டியிருக்கிறான். அவன் இழந்ததும் அங்கே தெரிகிறது, ஏன் இழந்தான் என்பதும் தெரிகிறது.

எங்கள் அல்பம் அலுமாரிக்குள் இருந்தது. திரும்பி வந்தபோது அலுமாரியே இல்லை. 'அப்பா, நீங்கள் சின்னனாக இருந்த படம் எங்கே' என்று மகன் கேட்டால் காட்ட என்னிடம் ஒன்றுமில்லை. நேற்று எபிசோட் முடிந்ததும் அந்த விறாந்தையையும் ஜாம் போத்தல் விளக்கையும் அவனுக்கு ஒரு கொப்பியில் கீறிக் காட்டினேன்.

வேப்பமரத்தடி:
அம்மம்மாவின் குரல் எங்காவது பதிந்து இருக்கிறதா அண்ணை?

திண்ணைக்காரன்:
இல்லை தம்பி. பற்றறிக்குத் தடை இருந்த காலம். வீட்டில் இருந்த இரண்டையும் வெயிலில் காயவைத்துக் காயவைத்துச் செய்தி கேட்கத்தான் பாவித்தோம்.