காலாவதியான இ-வே பில்: நாமக்கல்லில் தடுக்கப்பட்ட சரக்கை மீட்க நீதிமன்றம் செல்லலாமா?

கும்பகோணம் பாத்திர வணிகர்:
கும்பகோணத்திலிருந்து தர்மபுரிக்குப் பித்தளைக் குத்துவிளக்குகளும் அண்டாக்களும் லாரியில் அனுப்பினோம். பில்லில் வரி 20,000 ரூபாய் முறையாகக் காட்டப்பட்டிருந்தது, சரக்கு அனுப்ப இணையத்தில் எடுக்க வேண்டிய ஜிஎஸ்டி அனுமதிச் சீட்டான இ-வே பில் இரண்டு நாள் செல்லுபடியுடன் எடுக்கப்பட்டிருந்தது. முசிறி அருகே ஆக்சில் முறிந்து, உதிரிப்பாகம் வரும்வரை வண்டி இரண்டு இரவு பட்டறையிலேயே நின்றது. பழுது நீங்கிப் புறப்பட்ட வண்டியை நாமக்கல் அருகே அதிகாரிகள் மறித்து, இ-வே பில் காலாவதியானதைச் சுட்டிக்காட்டித் தடுத்து வைத்துள்ளனர். 40,000 ரூபாய் அபராதம் கட்டினால்தான் விடுவோம் என்கின்றனர். கோயில் விழாவுக்கான விளக்குகள் இவை, நாள் தவறினால் வாங்குபவர் ஏற்க மாட்டார். ஒரு ரூபாய் வரி ஏய்ப்பும் செய்யாத எங்களுக்கு சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் ரிட் மனு (அதிகாரியின் நடவடிக்கையை எதிர்த்து நேரடியாக உயர் நீதிமன்றத்தில் போடும் மனு) போட வழியுண்டா?

தஞ்சை வழக்கறிஞர்:
வணக்கம் ஐயா. வண்டி தடுக்கப்பட்டதும் உத்தரவு பிறப்பிக்கப்படுவதும் நாமக்கல்லில் என்பதால், சென்னை முதன்மை அமர்வில் மனு செய்வதே பாதுகாப்பானது. தஞ்சாவூர் மாவட்டம் மதுரைக் கிளைக்கு உட்பட்டதாயினும், நாமக்கல் சென்னையைச் சேர்ந்தது.

வழியில் சரக்கைத் தடுத்து வைப்பது பற்றிய ஜிஎஸ்டி சட்டப்பிரிவு 129, 2022 ஜனவரி 1 முதல் மாற்றப்பட்டுள்ளது. உரிமையாளர் முன்வந்தால் வரியின் 200 விழுக்காடு அபராதம் என்பதுதான் உங்களிடம் கேட்கப்படும் 40,000. தடுத்த நாளிலிருந்து ஏழு நாளுக்குள் நோட்டீசும், நோட்டீஸ் உங்களிடம் சேர்க்கப்பட்டதிலிருந்து ஏழு நாளுக்குள் உத்தரவும் வர வேண்டும். இந்த நாட்களைத் தேதியோடு குறித்து வைத்துக்கொள்ளுங்கள், ரிட் மனுவுக்கு வலுச் சேர்ப்பவை பெரும்பாலும் இவைதான்.

உங்கள் நிலைக்கு மிக நெருங்கிய வழக்கு சத்யம் சிவம் பேப்பர்ஸ். அதிலும் போக்குவரத்துத் தடையால் வண்டி தாமதித்து இ-வே பில் காலாவதியானது. காலாவதியானதை மட்டும் கொண்டு ஏய்ப்பு நோக்கத்தை ஊகிக்க முடியாது என்று தெலங்கானா உயர் நீதிமன்றம் தீர்ப்பளித்து, 10,000 ரூபாய் செலவுத்தொகையும் விதித்தது. அரசுத் தரப்பு மேலே சென்றபோது, 2022 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் அதைத் தள்ளுபடி செய்து மேலும் 59,000 ரூபாய் விதித்தது. பட்டறை ரசீது, உதிரிப்பாக பில், ஓட்டுநரின் எழுத்து வாக்குமூலம் ஆகியவற்றை நோட்டீசுக்கான பதிலோடே இணையுங்கள். பதிலில் சொல்லாததை நீதிமன்றத்தில் முதன்முறையாகச் சொன்னால் அதன் எடை குறைந்துவிடும்.

லாரி புக்கிங், திருவாரூர்:
இனி வரும் லோடுகளுக்காக ஒன்று சொல்கிறேன். காலாவதி நேரத்துக்கு எட்டு மணி நேரம் முன்னும் பின்னும் செல்லுபடியை நீட்டிக்க இயலும், அதை டிரான்ஸ்போர்ட்டரே செய்யலாம். வண்டி நின்ற அன்று எங்களைப் போன்றோருக்கு ஓட்டுநரிடமிருந்து ஒரு தொலைபேசி அழைப்பு வந்திருந்தால் இவ்வளவு துயரம் வந்திருக்காது. வண்டியை மட்டும் விடுவிக்க, அபராதம் அல்லது ஒரு லட்சம், எது குறைவோ அதை வண்டி உரிமையாளர் கட்டலாம் என்பதையும் அவரிடம் சொல்லுங்கள்.

கும்பகோணம் பாத்திர வணிகர்:
இருவருக்கும் நன்றி. விழா நெருங்குவதால் பணத்தைக் கட்டி எடுத்துவிடலாம் என்று நினைக்கிறேன். கட்டிவிட்டால் வழக்குரிமை போய்விடுமா?

தஞ்சை வழக்கறிஞர்:
பணம் கட்டியதும் நடவடிக்கை முடிந்ததாகக் கருதப்படும் என்று 129(5) சொல்வதைக் காட்டி, உத்தரவே தராமல் அனுப்பிவிடும் பழக்கம் பரவலாக இருந்தது. ஏஎஸ்பி டிரேடர்ஸ் வழக்கில் 2025 ஜூலையில் உச்ச நீதிமன்றம் இதைத் திருத்தியது: பணம் கட்டப்பட்டாலும், ஆட்சேபம் எழுப்பியவருக்குக் காரணங்களோடு கூடிய உத்தரவை அதிகாரி எம்ஓவி-09 என்னும் ஜிஎஸ்டி உத்தரவுப் படிவத்தில் பிறப்பித்தே ஆக வேண்டும், இல்லையெனில் அவருடைய மேல்முறையீட்டு உரிமை வெறும் எழுத்தாகிவிடும். ஆகவே, "ஆட்சேபத்துடன் செலுத்துகிறேன்" என்று எழுத்தில் கொடுத்துவிட்டுக் கட்டுங்கள், அந்தக் கடிதத்தின் நகலில் தேதியோடு ஒப்புதல் முத்திரை வாங்குங்கள். கையில் பணம் இல்லையென்றால் அதே தொகைக்கு வங்கி உத்தரவாதம் கொடுத்தும் சரக்கை எடுக்கலாம்.

உத்தரவு கிடைத்த மூன்று மாதத்துக்குள் ஜிஎஸ்டி துறையின் மேல்முறையீட்டு அதிகாரியிடம் மேல்முறையீடு செய்யலாம். இயற்கை நீதி மீறலோ (உங்கள் தரப்பைக் கேட்காமல் முடிவெடுப்பது போன்றவை) காலவரம்பு மீறலோ இல்லாதபோது உயர் நீதிமன்றம் பெரும்பாலும் அங்கேதான் அனுப்பும் என்பதால், விளக்குகளை முதலில் தர்மபுரிக்கு அனுப்பிவிட்டு மேல்முறையீட்டு மனுவைத் தயாரிக்கத் தொடங்குங்கள்.