மணலோடு போன லொறி 41 நாள் கழித்து வீட்டுக்கு வந்த கதை

தோட்டத்தில் 7 பேர்ச்சஸ் காணி கிடைத்து வீடு கட்டுகிற சொந்தக்காரர் ஒருவருக்கு ஒரு கியூப், அதாவது நூறு கன அடி, மணல் ஏற்றப் போனதுதான் ஆரம்பம். வண்டி என்னுடைய சின்ன டிப்பர், ஓட்டியது என் மச்சான். மணல் கொண்டுபோக பெமிட், அதாவது அனுமதித் தாள், இருந்தது. ஆனால் அது முந்தின நாளுக்கு எடுத்தது. அன்று அடித்த மழையில் பாதையில் மண் சரிந்து வண்டி போகவில்லை. "ஒரு நாள்தானே" என்று மறுநாள் அதே தாளோடு கிளம்பிவிட்டான். வண்டி நம்பர், எங்கிருந்து எங்கே, எந்தத் திகதி என்று எல்லாம் அந்தத் தாளில் எழுதியிருக்கும். திகதி தாண்டினால் பெமிட்டே இல்லாத மாதிரிதான்.

சாயங்காலம் கோல் வந்தது: "மச்சான், பிடிச்சிட்டாங்க."

ஸ்டேஷனுக்கு ஓடினேன். "மாத்தயா, கொஞ்சம் பாருங்க" என்று கெஞ்சியதெல்லாம் வீண். கோர்ட்டில் பேசிக்கொள்ளச் சொன்னார்கள். மறுநாளே மச்சானுக்குப் பிணை கிடைத்தது. அவனோடு லொறியும் வரும் என்று நம்பிப் போன நான் ஒரு மடையன். ஆளின் வழக்கு வேறு, வண்டியின் கதை வேறு. இலங்கையின் 1992 ஆம் ஆண்டு சுரங்கங்கள், கனிப்பொருட்கள் சட்டத்தின்படி அனுமதி இல்லாமல் மணல் கொண்டுபோவதே குற்றம். பொலிஸ் கைப்பற்றிய வண்டியைப் பற்றி நீதவானுக்கு அறிக்கை போகும். அதை யாரிடம் கொடுப்பது என்று அவர்தான் கட்டளை இட வேண்டும். அதற்கு நாம் தனியாக விண்ணப்பிக்க வேண்டும். சட்டத்தரணி சொல்லித்தான் இதெல்லாம் எனக்குத் தெரிந்தது.

அங்கே நானே ஒரு கூத்துப் பண்ணினேன். வழக்கு சிங்களத்தில் நடந்தது, கோர்ட்டில் மொழிபெயர்க்கிற முதலியார் தமிழில் சொன்னார். வண்டி யாருடையது என்று கேட்டதும், நாம் வழக்கமாகப் பேசுகிற மாதிரி "லீசிங்காரனுடையது சேர்" என்று சொல்லிவிட்டேன். அப்படியானால் நீ ஏன் கேட்கிறாய் என்ற மாதிரி நீதவான் நிமிர்ந்து பார்த்தார். சட்டத்தரணி எழும்பி, பதிவு உரிமையாளர் இவர்தான், கடன் முடியும்வரை முழு உரிமையாளர் என்று புத்தகத்தில் இருப்பது கம்பனி என்று விளக்கினார். சரி, கம்பனியின் சம்மதக் கடிதம் கொண்டு வா என்று தவணை போட்டார்கள். கம்பனியில் கேட்டால், நிலுவையில் இருக்கிற கடன் தவணைப் பணத்தைக் கட்டினால்தான் கடிதமாம். வண்டி ஓடினால்தானே கட்ட முடியும்? மனைவியின் சங்கிலி அடகுக்குப் போனது.

நடுவில் ஒருநாள் லொறியைப் பார்க்கப் போனேன். யாரும் மணலை இறக்கவில்லை, அதுவும் வழக்குப்பொருள். மூடியிருந்த படங்கு ஒரு பக்கம் கிழிந்து, மழைத் தண்ணீர் குடித்த மணலின்மேல் விரல் நீளத்துக்குப் பச்சைப் பசேலென்று புல் முளைத்திருந்தது. பாரம் தாங்காமல் பின் ஸ்பிரிங் பட்டை நேராகிவிட்டது, இடது பக்க டயர் சேற்றில் பாதி புதைந்திருந்தது. பெட்டரி செத்துவிட்டது. உங்களில் யாருக்காவது இப்படி நடந்தால், மணலை இறக்க அனுமதி கேட்டு முதல் வாரமே கோர்ட்டில் மோஷன் (மனு) போடச் சட்டத்தரணியிடம் சொல்லுங்கள். நான் கேட்கவில்லை, ஸ்பிரிங் செலவு என் தலையில் விழுந்தது.

கடைசியில் பிணைமுறியில் கையெழுத்து வாங்கிக்கொண்டு லொறியை விட்டார்கள். விற்கக்கூடாது, உருவத்தை மாற்றக்கூடாது, கேட்கும்போது கொண்டுவர வேண்டும். வழக்கு இன்னும் நடக்கிறது.

இதைப் படித்துவிட்டு வெலிமடைப் பக்கத்திலிருந்து ஒரு அண்ணன் எழுதியது:

தம்பி, பிணைமுறியில் வந்ததோடு முடிந்தது என்று இருந்துவிடாதே. என் டிராக்டர் கேஸில் டிரைவர், சீக்கிரம் முடியட்டும் என்று குற்றத்தை ஒத்துக்கொண்டு தண்டப்பணம் கட்டிவிட்டான். அதற்குப் பிறகுதான் வண்டியைப் பறிமுதல் செய்வதா என்று விசாரணை வந்தது. எனக்குத் தெரியாமல் நடந்தது, நடக்காமல் இருக்க நான் என்ன செய்தேன் என்று காட்டச் சொன்னார்கள். பெமிட் இல்லாமல் ஏற்றக்கூடாது என்று டிரைவரிடம் ஏற்கனவே கையெழுத்து வாங்கி வைத்திருந்த ஒரு கடதாசிதான் என்னைக் காப்பாற்றியது. உன் மச்சான் ஒத்துக்கொள்வதற்கு முன்னால் சட்டத்தரணியோடு பேசு.

கொத்மலை ஓயாக் கரையில் இருக்கிற ஒருவர்:

லொறிக்காரர்களின் கஷ்டம் புரிகிறது. மணல் அள்ளுகிற இடத்துக்குப் பக்கத்தில்தான் எங்கள் மரக்கறித் தோட்டம். போன மழைக்காலத்தில் கரை அறுந்து இரண்டு பாத்தி ஆற்றோடு போய்விட்டது. அந்தத் தாளைக் கேட்டு நிறுத்துகிறவர்கள் மேல் எனக்குக் கோபமே வருவதில்லை.

மறுபடியும் நான்:

அண்ணே, நல்ல நேரத்தில் சொன்னீர்கள். மச்சான் அடுத்த தவணையில் ஒத்துக்கொள்ளப் போவதாகத்தான் இருந்தான். கையெழுத்துக் கடதாசி எதுவும் நான் வாங்கியதில்லை, சொந்தக்காரன்தானே என்று விட்டுவிட்டேன். கரையில் இருக்கிறவர் சொல்வதற்கு என்னிடம் பதில் இல்லை. மணல் கேட்ட சொந்தக்காரர் காத்திருக்காமல் வேறு ஆளிடம் வாங்கிவிட்டார். நான் லொறியை வீட்டுக்குக் கொண்டு வந்த அன்று அவர் வீட்டுக்குக் கூரை போட்டுக்கொண்டிருந்தார்கள்.