புதுப்பிப்பு: வேலையை விட்டபின் நிறுவன மடிக்கணினியைத் திருப்பித் தராதது பற்றி

நிலுவைச் சம்பளம் வரும்வரை அலுவலக மடிக்கணினியைத் தர மாட்டேன் என்றிருந்த என் நண்பருக்கு, அவருடைய முன்னாள் நிறுவனம் வக்கீல் நோட்டீஸ் அனுப்பியதைப் பற்றி முன்பு எழுதியிருந்தேன். அதன் தொடர்ச்சி இது. வேலையை விட்டவரைக் கம்பெனிச் சட்டம் கட்டுப்படுத்துமா என்று சிலர் கேட்டிருந்தீர்கள். நிறுவனச் சொத்தை முறைகேடாக வைத்திருப்பதைக் குற்றமாக்கிய, 1956ஆம் ஆண்டுக் கம்பெனிகள் சட்டத்தின் 630ஆவது பிரிவு முன்னாள் ஊழியருக்கும் பொருந்தும் என்று இந்திய உச்ச நீதிமன்றம் 1987ஆம் ஆண்டிலேயே தீர்ப்பளித்துவிட்டது.

இப்போது அதனிடத்தில் உள்ள 2013ஆம் ஆண்டுச் சட்டத்தின் 452ஆவது பிரிவின்படி, நிறுவனச் சொத்தை முறைகேடாகத் தம்மிடமே வைத்திருப்பவருக்கு 1 லட்சம் முதல் 5 லட்சம் ரூபாய் வரை அபராதம் உண்டு; குறித்த காலத்துக்குள் பொருளை ஒப்படைக்குமாறு நீதிமன்றம் உத்தரவிட்டு, அதையும் மீறினால் 2 ஆண்டுகள் வரை சிறைத்தண்டனையும் விதிக்கப்படலாம். வருங்கால வைப்பு நிதி, பணிக்கொடை போன்றவற்றை நிறுவனம் தராதிருந்தால் சிறை கிடையாது என்ற விலக்கு, நிறுவனம் தந்த குடியிருப்பைக் காலி செய்யாதவர்களுக்கு மட்டுமே; மடிக்கணினிக்கு உதவாது. (நண்பர் பெரிதும் நம்பியிருந்தது இதைத்தான்.)

வழக்கறிஞரின் யோசனைப்படி அவர் மடிக்கணினியை ஒப்படைத்து, அதன் வரிசை எண்ணைக் குறிப்பிட்ட ஒப்புகைச் சீட்டைப் பெற்றுக்கொண்டார். நிலுவைக்காகத் தனியே நோட்டீஸ் அனுப்பியிருக்கிறார். அதற்குப் பதில் இன்னும் வரவில்லை.