மண்டாவுய் யுனுபிஙு: 45 நிமிட வகுப்பில் எதை எடுப்பது, எதை விடுவது?

கஞ்சிராக்காரன்:
கல்லூரி இசை மன்றத்துக்கு ஆஸ்திரேலியப் பூர்வகுடி ராக் பற்றி 45 நிமிட வகுப்பு ஒன்று தயாராகிறது. 'யோத்து யிண்டி' குழுவின் மண்டாவுய் யுனுபிஙுதான் மையம். "பள்ளிக்கூட வாத்தியார் ராக் ஸ்டார் ஆனார்" என்று முடித்துவிட்டால் சப்பென்று இருக்கும். அவர் நடத்திய பாடமும் பாடிய பாட்டும் எங்கே சேர்கின்றன? 'ட்ரீட்டி' பாட்டுக்கு எந்தப் பதிவைப் போடலாம்? யிடாக்கி (டிஜெரிடூ என்ற நீளமான ஊதுகுழல்) பற்றி எவ்வளவு சொன்னால் போதும்?

நீலாம்பரி:
அந்த "ஆனார்"தான் சிக்கலே. குழு உருவானது 1986இல். அவர் வட ஆஸ்திரேலியாவின் ஆர்ன்ஹெம் லாந்தில் யிர்கலா சமூகப் பள்ளியின் தலைமை ஆசிரியர் ஆனது 1990இல், அதாவது குழு வெளிநாடெல்லாம் சுற்றி முதல் ஆல்பமும் வந்த பிறகு. ஒன்றை விட்டு மற்றொன்றுக்குத் தாவியவர் இல்லை.

இரண்டையும் சேர்க்கும் ஆணி 'கன்மா' என்ற சொல். ஆற்றின் நன்னீரும் கடலின் உப்புநீரும் காயலில் மோதிக் கலக்கிற இடம் அது. மேலே நுரை கட்டும். ஒரு நீர் இன்னொன்றை விழுங்கிவிடாது. அவரது மக்களான யோல்ஙு பூர்வகுடியினரின் அறிவும் வெள்ளையர் பாடத்திட்டமும் பள்ளியில் இப்படித்தான் சந்திக்க வேண்டும் என்று அவரும் சக ஆசிரியர்களும் வாதாடினார்கள். யோல்ஙு இசைஞர்களும் வெள்ளைக்கார ராக் குழு ஒன்றும் சேர்ந்து உருவான யோத்து யிண்டியும் அதே கலவைதான். வகுப்பைக் கன்மாவில் தொடங்குங்கள், ஆண்டு வரிசையில் வேண்டாம்.

ரிதம்_பேட்:
'ட்ரீட்டி'க்கு இரண்டு பதிவையும் போடணும், ஒவ்வொன்றிலும் ஒன்றரை நிமிஷம் போதும். 1988இல் வட ஆஸ்திரேலியாவின் பருங்காவில் பிரதமர் பாப் ஹாக்கிடம் பூர்வகுடித் தலைவர்கள் ஓர் அறிக்கையைக் கொடுத்தார்கள். 1990க்குள் பூர்வகுடிகளோடு உடன்படிக்கை ('ட்ரீட்டி') வரும் என்றார் ஹாக். வரவில்லை. அந்தக் கோபத்தில் பிறந்த பாட்டு இது. எழுதியவர்களில் ஆஸ்திரேலியப் பாடகர்கள் பால் கெல்லியும் பீட்டர் காரெட்டும் உண்டு. 1991இல் வந்த மூலப் பதிவு தரவரிசையில் ஏறவில்லை. அதே வருஷம் மெல்பர்ன் டிஜேக்கள் 'ஃபில்தி லூக்கர்' என்ற பெயரில் செய்த ரீமிக்ஸ்தான் ஆஸ்திரேலியாவில் 11ஆம் இடம் வரை போனது.

பலர் சறுக்குவது இங்கேதான். ரீமிக்ஸில் ஆங்கில வரிகள் பெரும்பாலும் வெட்டப்பட்டுவிட்டன. நிலத்தைப் பற்றிய வாதமே காணாமல் போச்சு. ஆனால் யோல்ஙு மொழிப் பகுதி முன்னுக்கு வந்து நடன அரங்கம் முழுக்கக் கேட்டது. ஒன்றை மட்டும் போட்டால் பாதிக் கதைதான்.

அந்த யோல்ஙு பகுதி 'ஜாட்பங்காரி' வகை, இளைஞர்கள் பொழுதுபோக்காகப் பாடியது. குலங்களுக்கு உரிமையான 'மணிகாய்' வேறு. அதை யார் பாடலாம் என்பதற்குக் கட்டு உண்டு. 'ட்ரைபல் வாய்ஸ்' ஆல்பத்தில் ராக் பாடல்களுக்கு நடுவே மணிகாயும் வரும். அதில் ஒன்றை அடுத்துப் போட்டால் வித்தியாசம் காதிலேயே விழும்.

காத்துக்குழல்:
யிடாக்கிக்கு 5 நிமிடம். கறையான் உள்ளே அரித்த ஸ்ட்ரிங்கிபார்க் யூகலிப்டஸ் மரம் அது, யாரும் துளைப்பதில்லை. நீளம் மாறாததால் சுருதியும் மாறாது. நேர்க்குழாய் என்று வைத்தால் 1.3 மீட்டருக்குச் சுமார் 65 ஹெர்ட்ஸ் வரும். அடிப்பக்கம் விரிவதால் அதற்குச் சற்று மேலே. கிட்டாரைத்தான் அதற்கு இணங்க மாற்ற வேண்டும், அல்லது பாட்டுக்கு ஒரு யிடாக்கி தூக்கிப் போக வேண்டும். வடகிழக்கு ஆர்ன்ஹெம் பாணியில் நடுநடுவே எக்காளம் மாதிரி ஒரு மேல் ஒலி வெடிக்கும். குழாயின் விரிவுக்கு ஏற்ப அதன் இடைவெளி மாறுவதால், அடிச்சுருதி சேர்ந்தாலும் அந்த ஒலி கிட்டாரின் கார்டுக்கு (chord) வெளியே நிற்கலாம். மாணவர்கள் அதைத் தவறு என்று நினைப்பார்கள், முன்னாடியே சொல்லிவிடுங்கள்.

கஞ்சிராக்காரன்:
குழுவின் பெயர் 'குழந்தையும் தாயும்' என்று படித்தேன். அதை வைத்து ஒரு பயிற்சி கொடுக்க முடியுமா?

நீலாம்பரி:
முடியும், அதுவே யிர்கலா பள்ளியின் முறையும்கூட. அங்கே 'குர்ருட்டு' என்ற உறவுமுறையைக் கணிதப் பாடத்துக்கே அடிப்படையாக்கினார்கள். திரும்பத் திரும்ப வரும் வரிசை என்ற அளவில் பத்தடிமான எண்களோடு ஒப்பிட்டார்கள்.

யோல்ஙு சமூகம் முழுக்க இரண்டு பாதி: யிரிட்ஜா, துவா. பலகையில் அவற்றுக்கு இரண்டு பத்தி (column) போடுங்கள். ஒரு பையனை யிரிட்ஜாவில் போடுங்கள். அப்பா அதே பத்தி, அம்மா துவா. அம்மாவின் அம்மா? மறுபடி யிரிட்ஜாவில் விழுவார், ஆனால் குலம் வேறு. மாணவர்கள் பத்தி தாய்வழியாக வரும் என்று எடுத்துக்கொண்டால் படம் முழுக்கக் கோணிவிடும், அது தந்தைவழி. அம்மாவின் குலச் சடங்கை மேற்பார்ப்பது அவள் பிள்ளைகள், குழுவின் பெயரின் கனம் அங்கே இருக்கிறது. முறைப்பெண் என்றால் நம் பிள்ளைகளுக்கு உடனே புரியும். தாய்மாமன் மகள் அங்கேயும் முறைதான், அத்தை மகள் கிடையாது.

காத்துக்குழல்:
உச்சரிப்பு: யோல்ஙு எழுத்துமுறையில் 'o' எழுத்து போட்ட இடத்தில் நெடில் 'ஊ'தான் ஒலிக்கும். 'யுனுபிஙு'வில் 'க' ஒலியே இல்லை. ஆங்கிலம் திணறுகிற இடத்தில் நம் 'ங' கச்சிதமாக உட்காருகிறது.

இன்னொன்று. அவர் 2013 ஜூனில் 56 வயதில் சிறுநீரக நோயால் காலமானார். இறந்தவரின் பெயரைச் சில காலம் சொல்லாமல் இருப்பது யோல்ஙு வழக்கம். அப்போதைய செய்திகளில் 'டாக்டர் யுனுபிஙு' என்றே வந்தது. 'மண்டாவுய்' என்ற பெயரே அவர் 1990இல் மாற்றிக்கொண்டதுதான், அவரது பழைய பெயர் கொண்ட உறவினர் ஒருவர் இறந்ததால். படம் போடும் ஸ்லைடுக்கு முன்னால் 'இறந்தவரின் உருவமும் குரலும் இதில் உண்டு' என்று ஒரு வரி வையுங்கள், ஆஸ்திரேலிய ஒளிபரப்பில் அதுதான் வழக்கம்.