கடலைக் கட்டியாண்ட பறங்கியருக்கு மிளகு முழுதாக வசப்படாதது ஏன்?

கேள்வி: உடுமலைக்காரன்

சென்ற மாதம் வீட்டாரோடு கண்ணூருக்குப் போயிருந்தபோது, 1505இல் பறங்கியர் எனப்பட்ட போர்ச்சுகீசியர் எழுப்பிய செயின்ட் ஆஞ்சலோ கோட்டையைப் பார்த்தோம். செம்புரைக்கல் மதிலில் ஏறி நின்றால் கீழே அலை வந்து அறைகிறது. 1498இல் மூன்றே கப்பல்களில் கள்ளிக்கோட்டைக்கு வந்து சேர்ந்தவர்கள், 1663இல் டச்சுக்காரர்கள் கொச்சியைப் பிடிக்கும்வரை அந்தக் கரையில் எப்படித் தாக்குப்பிடித்தார்கள் என்ற ஐயம் அங்கேதான் எழுந்தது. எங்கள் பள்ளிப் பாடத்தில் வாஸ்கோ ட காமா வந்து இறங்குவார். பக்கத்தைத் திருப்பினால் ஆங்கிலேயர் வந்துவிடுவார்கள். பாலக்காட்டுக் கணவாய்க்கு இப்பால் இருக்கும் நம் கொங்கு நாட்டை அந்தச் சண்டைகள் எந்த வகையிலாவது தொட்டனவா என்பதையும் அறிந்தவர்கள் சொல்ல வேண்டுகிறேன்.

மறுமொழி: ஈரோட்டு வாசகன்

அவர்கள் நிலைத்ததற்குப் பீரங்கி பாதிக் காரணம் என்றால், கொச்சி அரசருக்கும் கள்ளிக்கோட்டை அரசரான சாமூதிரிக்கும் அதற்கு முன்பே இருந்த பகை மறுபாதிக் காரணம்.

முதல் வருகையில் அவர்களை யாரும் பெரிதாக மதிக்கவில்லை. காமா சாமூதிரிக்குக் கொடுப்பதற்காக எடுத்து வைத்தவை கோடு போட்ட துணி, 6 தொப்பிகள், பவள மாலைகள், கைகழுவும் கிண்ணங்கள் 6, கொஞ்சம் சர்க்கரை, எண்ணெய், தேன் ஆகியவைதாம். அரண்மனை அலுவலர்கள் அவற்றைப் பார்த்துச் சிரித்துவிட்டு, மெக்காவிலிருந்து வரும் மிக ஏழையான வணிகன்கூட இதைவிட அதிகம் கொண்டுவருவான் என்று சொன்னதாகப் போர்ச்சுகீசியரின் பயணக் குறிப்பிலேயே இருக்கிறது. விற்பதற்கு நல்ல சரக்கு இல்லாதவன் சந்தையில் அடாவடியில் இறங்குவான் அல்லவா, பின்னர் நடந்தது ஏறக்குறைய அதுதான். 1500ஆம் ஆண்டு டிசம்பரில், காமாவுக்கு அடுத்து வந்த போர்ச்சுகீசியத் தளபதி காப்ரால் ஓர் அரபு வணிகக் கப்பலைப் பிடித்துக்கொள்ள, ஊரார் திரண்டு போர்ச்சுகீசியரின் பண்டசாலையைத் தாக்கி ஐம்பதுக்கும் மேற்பட்டோரைக் கொன்றார்கள். காப்ரால் துறையில் நின்ற கப்பல்களை எரித்து, நகரத்தைப் பீரங்கியால் சுட்டுவிட்டுக் கொச்சிக்குப் போனார்.

கொச்சி அரசர் சாமூதிரியின் மேலாதிக்கத்தின் கீழ் புழுங்கிக்கொண்டிருந்தவர். பகைவனுக்குப் பகைவன் வாசலுக்கே வந்தபோது வரவேற்றார். அதற்காகச் சாமூதிரி 1503இல் படையெடுத்தபோது அவர் வைப்பீன் தீவுக்கு ஓட நேர்ந்தது. அவரை மீட்ட போர்ச்சுகீசியர் அதற்கு ஈடாகக் கொச்சியில் கட்டிக்கொண்ட கோட்டையே இந்தியாவில் ஐரோப்பியரின் முதல் கோட்டை. அடுத்த ஆண்டு அவர்களின் தளபதி துவார்த்தே பச்சேகோ ஏறத்தாழ 150 போர்ச்சுகீசியரோடும் கொச்சி வீரர்களோடும் சாமூதிரியின் பெரும்படையைத் தடுத்து நிறுத்தினார் என்றால், காயலின் குறுகிய கடவுகளில் மட்டுமே அந்தப் படை கடந்துவர முடிந்ததும் அதற்குக் காரணம். நீரை விட்டுக் கரையேறியபோது கதை வேறாக முடிந்தது. 1510இல் கள்ளிக்கோட்டை நகருக்குள் புகுந்த போர்ச்சுகீசியத் தளபதிகளில் கூட்டின்ஹோ அங்கேயே கொல்லப்பட்டார், அல்புகெர்க் காயத்தோடு தப்பினார்.

மறுமொழி: மிளகுக்களம், ஆனைமலை

நான் வரலாறு கற்றவன் அல்லன். கொடியிலிருந்து மிளகைப் பறித்துக் காயவைத்து விற்பவன். ஆகவே அவர்கள் வாங்கிய சரக்கைப் பற்றி மட்டும் சொல்கிறேன்.

1503ஐ ஒட்டிக் கொச்சியில் பேசி முடித்த மிளகு விலையைப் போர்ச்சுகீசியர் பல பத்தாண்டுகள் உயர்த்தாமலே வைத்திருந்தார்கள் என்று படித்தபோது எனக்குச் சிரிப்பு வந்தது. 100 கிலோ பச்சை மிளகு காய்ந்தால் 33 கிலோ அளவுக்குத்தான் தேறும். நான்கைந்து நாள் வெயில் கண்ட மிளகை உள்ளங்கையில் வைத்துக் குலுக்கினால் சலசலக்கும். ஈரம் இருந்தால் கம்மென்று கிடக்கும். பொக்கும் காம்பும் போகப் புடைத்து, நன்றாகக் காயவைத்துக் கொடுப்பவனுக்கு அதற்கேற்ற விலை இல்லையென்றால் அவன் என்ன செய்வான்? ஈரத்தோடும் மண்ணோடும் எடை போட்டுக் கொடுப்பான். அங்கும் அதுதான் நடந்தது. கப்பல்கள் காற்றுக்கேற்பத் தை மாதவாக்கில் புறப்பட்டாக வேண்டும், அறுவடையும் அதே பருவத்தில்தான் என்பதால் காயும்வரை காத்திருக்கவும் அவர்களால் முடியவில்லை. லிஸ்பனில் இறக்கும்போது எடை குறைந்திருந்தது. நல்ல சரக்கு, நல்ல விலை கொடுத்த வேறு வணிகர்களைத் தேடிப் போயிற்று. இன்றும் ஒரு மண்டியில் விலை படியவில்லை என்றால் மூட்டை அடுத்த மண்டிக்குத்தான் போகும்.

மறுமொழி: கணவாய்க்காற்று, கோவை

அந்தச் சரக்கு போன வழிகளில் கொங்கு நாட்டுக்கும் பங்கு உண்டு என்பது உடுமலை நண்பரின் இரண்டாம் கேள்விக்கு விடை. கடலில் செல்லும் ஒவ்வொரு கப்பலும் போர்ச்சுகீசியரிடம் ‘கர்த்தாஸ்’ என்னும் அனுமதிச் சீட்டை வாங்க வேண்டும், அவர்கள் கோட்டையில் சுங்கம் கட்ட வேண்டும், மிளகை ஏற்றக் கூடாது என்றெல்லாம் விதித்தார்கள். சீட்டு இல்லாத கப்பலைப் பறித்தார்கள். ஆனால் பொதிமாட்டுக்குச் சீட்டு கேட்க மலையில் அவர்களுக்கு ஆள் இல்லை. மலைகளுக்கு நடுவே சுமார் 30 கிலோமீட்டர் அகலத்துக்குத் திறந்து கிடக்கும் பாலக்காட்டுக் கணவாயும் மற்ற மலைத்தடங்களும், அரிசியும் துணியும் மேற்கே போகவும் மிளகு கிழக்கே வரவும் வழிவிட்டன. மிளகு மலைவழியே கசிந்து சோழமண்டலக் கரைக்குப் போவதைப் பற்றி அவர்களே புலம்பியிருக்கிறார்கள். ஆயினும் ஒரு எச்சரிக்கை: கணவாய்தான் அவர்களைத் தோற்கடித்தது என்று ஊர்ப்பெருமைக்காக எழுதிவிடக் கூடாது. செங்கடல் வழியே வெனிசுக்குப் போன மிளகு வணிகம் பதினாறாம் நூற்றாண்டின் நடுவில் மீண்டும் தழைத்ததற்குக் கடலோரக் கள்ள வணிகமும் பெருங்காரணம்.

நமக்கு அருகில் வந்த ஒருவரையும் குறிப்பிடலாம். கள்ளிக்கோட்டையில் இருந்த ஃபெனிசியோ என்னும் ஏசு சபைப் பாதிரியார், மலையில் பழங்கிறித்தவர்கள் இருப்பதாகக் கேள்விப்பட்டு 1603இல் நீலகிரிக்கு ஏறி, அங்கே தோடர்களைக் கண்டு குறிப்பு எழுதினார். மற்றபடி நம் வீடுகளில் அலமாரி, சாவி, மேசை, ஜன்னல் என்று போர்ச்சுகீசியச் சொற்களே நிறைந்திருக்கின்றன. பறங்கிக்காய்க்கு மட்டும் நாம் இடம் கொடுக்காமல் அரசாணிக்காய் என்றே சொல்லிக்கொண்டிருக்கிறோம்!

கேள்வி கேட்டவர்: உடுமலைக்காரன்

மூவருக்கும் நன்றி. பறங்கியரைக் கடலில் எதிர்த்த குஞ்ஞாலி மரைக்காயரைச் சாமூதிரியே அவர்களிடம் விட்டுவிட்டதாக எங்கோ கேட்ட நினைவு. உண்மைதானா?

மறுமொழி: ஈரோட்டு வாசகன்

உண்மைதான். சாமூதிரியின் கடற்படைத் தலைவர்களாகப் பல பத்தாண்டுகள் போரிட்ட குடும்பம் அது. நான்காம் குஞ்ஞாலி வடகரைக்கு அருகே கோட்டக்கல்லில் தனியாட்சி நடத்தும் அளவுக்கு வளர்ந்ததும் சாமூதிரிக்கு அவர் மீது ஐயம் வந்தது. 1599இல் போர்ச்சுகீசியரின் தாக்குதல் தோற்றது. மறு ஆண்டு சாமூதிரியும் அவர்களும் சேர்ந்து முற்றுகையிட்டார்கள். உயிருக்குப் பாதுகாப்பு உண்டு என்ற வாக்கை நம்பிக் குஞ்ஞாலி தம் வாளைச் சாமூதிரியிடம்தான் ஒப்படைத்தார். அருகில் நின்ற போர்ச்சுகீசியர் அவரைப் பிடித்துக் கோவாவுக்குக் கொண்டுபோய்க் கொன்றார்கள்.