விலக்கப்பட்டவரைப் பற்றிய படம்: யாருடைய கண்ணால் பார்க்கிறோம்?

மாலைக்காட்சி கேட்டது:

எங்கள் ஊர் வாசகர் வட்டத்தின் சார்பில், சமூகம் தன்னவராக ஏற்காத மனிதர்களைப் பற்றிய வெளிநாட்டுப் படங்கள் இரண்டை அடுத்த மாதம் திரையிட்டு உரையாடலாம் என்று முடிவு செய்திருக்கிறோம். சாதியை மையமாகக் கொண்ட நம் படங்களுக்கு ஏற்கெனவே தனியாக ஒரு வரிசை நடத்திவிட்டதால் இம்முறை அவற்றைச் சேர்க்கவில்லை. எல்லோரும் முதலில் சொன்ன பெயர், டேவிட் லிஞ்ச் 1980இல் எடுத்த 'தி எலிஃபண்ட் மேன்'. ஃப்ரெடி ஃபிரான்சிஸின் கறுப்பு வெள்ளை ஒளிப்பதிவும், அத்தனை கனமான ஒப்பனைக்கு அடியிலிருந்து குரலாலேயே ஒரு மனிதரை உருவாக்கிக் காட்டிய ஜான் ஹர்ட்டின் நடிப்பும் எவரையும் அசைக்கக்கூடியவை என்பதில் எனக்கு ஐயமில்லை.

ஆனால் அண்மையில் மறுபடி பார்த்தபோது ஒன்று நெருடியது. உடல் உருமாறியதால் காட்சிக் கொட்டகையில் வேடிக்கைப் பொருளாக வைக்கப்பட்ட மெரிக் என்ற மனிதரின் கதை இது. அவர் முகத்தை இயக்குநர் நெடுநேரம் நமக்குக் காட்டுவதில்லை. மருத்துவர் ட்ரீவ்ஸ் அவரைக் காணும் முதல் தருணத்தில், மருத்துவரின் கண்ணிலிருந்து வழியும் நீரைத்தான் நாம் பார்க்கிறோம். அடுத்து, மருத்துவர்களின் கூட்டத்தில் திரைச்சீலைக்குப் பின்னால் ஒரு நிழலுரு. உணவு கொண்டுவரும் இளம் செவிலி அலறும்போதுதான் முகம் முழுமையாகத் தெரிகிறது. நம் ஆவலை இப்படிப் படிப்படியாக வளர்ப்பது, படம் கண்டிக்கிற அந்தக் காட்சிக் கொட்டகைக்காரன் செய்வதிலிருந்து எவ்வகையில் வேறுபட்டது? இதையே திரையிடலாமா, அல்லது வேறு படங்களைப் பரிந்துரைப்பீர்களா? வட்டத்தில் மூத்தவர்கள் அதிகம் என்பதால் இரண்டு மணி நேரத்துக்கு மிகாமல் இருந்தால் நல்லது. இந்தப் படம் 124 நிமிடம்.

பழையபிரதி எழுதியது:

உங்கள் நெருடல் நியாயமானது. ஆனால் என் குறை முகத்தைத் தாமதமாகக் காட்டியதில் இல்லை; அந்த மனிதரின் சொந்த முடிவுகளைப் படம் அவரிடமிருந்து எடுத்துக்கொண்டதில் இருக்கிறது.

படத்தில் ஜான் என்று அழைக்கப்படுபவரின் உண்மைப் பெயர் ஜோசப் மெரிக். 1862இல் லெஸ்டர் நகரில் பிறந்தவர். ஜான் என்ற பெயர், ட்ரீவ்ஸ் 1923இல் வெளியிட்ட நினைவுக் குறிப்புகளிலிருந்து வந்தது. உடல் மாற்றம் கூடக்கூட வேலை கிடைக்காமல் போய், வீடு வீடாகச் சில்லறைப் பொருள் விற்கும் பிழைப்பும் கைவிட்டபின், வொர்க்ஹவுஸ் எனப்பட்ட ஏழையர் விடுதியில் அவர் சில ஆண்டுகளைக் கழித்தார். அங்கிருந்து வெளியேற அவரே வழி தேடினார். லெஸ்டரில் இசையரங்கு நடத்திவந்த சாம் டோர் என்பவருக்குத் தாமாகவே கடிதம் எழுதி, 'என் உடலைக் காட்டிச் சம்பாதிக்கலாம்' என்ற யோசனையை முன்வைத்தவர் மெரிக்தான். லண்டனில் அவரைக் காட்சிக்கு வைத்த டாம் நார்மன், வருமானத்தைப் பங்கிட்டுக்கொண்டதாகவும் மெரிக்கை ஒருபோதும் அடித்துத் துன்புறுத்தவில்லை என்றும் பின்னாளில் வாதிட்டார். நார்மன் தம் தரப்பைத்தான் சொல்லியிருப்பார் என்று எடுத்துக்கொண்டாலும், படத்தில் வரும் பைட்ஸ் என்ற குடிகாரக் கொடூரன் கற்பனைப் பாத்திரம் என்பது மாறாது.

விளைவு என்ன? தன் உடலைத் தானே சந்தைக்குக் கொண்டுபோய், விடுதியை விட இது மேல் என்று கணக்குப் போட்ட ஓர் இளைஞன், திரையில் ஓரிடத்திலிருந்து இன்னோர் இடத்துக்குத் தூக்கிச் செல்லப்படும் அப்பாவியாகிவிடுகிறான். கெட்டவன் கையிலிருந்து நல்லவர் கைக்கு அவன் மாறுவதுதான் கதை. மெரிக்கின் உண்மையான வீழ்ச்சி ஐரோப்பியப் பயணத்தில் நேர்ந்தது. அங்கே அவரைக் கூட்டிச்சென்ற மேலாளர் அவர் சேர்த்த பணத்தைப் பறித்துக்கொண்டு கைவிட்டார். 1886இல் லிவர்பூல் தெரு ரயில் நிலையத்தில் ஆள்கூட்டம் சூழ நின்றபோது மெரிக்கிடம் இருந்த ட்ரீவ்ஸின் முகவரிச் சீட்டுதான் அவரை மருத்துவமனைக்குக் கொண்டு சேர்த்தது. அங்கும் அவரை நிரந்தரமாக வைத்திருக்க நிதி இல்லை. மருத்துவமனைத் தலைவர் கார் கோம் செய்தித்தாளுக்குக் கடிதம் எழுதிப் பொதுமக்களிடம் பணம் திரட்டிய பின்னரே இடம் உறுதியானது. அந்தக் கடிதமும் ஒருவகைக் காட்சிதானே என்று எனக்குத் தோன்றுவதுண்டு.

கடைசிவரிசை எழுதியது:

பழையபிரதி சொன்ன வரலாறு சரி; லிஞ்ச் அதைப் பற்றி முற்றிலும் அறியாதவர்போல் படம் எடுக்கவில்லை என்பதையும் சேர்க்க விரும்புகிறேன். சீமாட்டிகளும் நடிகைகளும் மெரிக்கின் அறைக்குத் தேநீர் அருந்த வரத் தொடங்கியதும், அவரை மறுபடியும் வேடிக்கைப் பொருளாக்கிவிட்டீர்கள் என்று தலைமைச் செவிலி ட்ரீவ்ஸிடம் முகத்துக்கு நேராகச் சொல்கிறார். அன்றிரவு ட்ரீவ்ஸ் தன் மனைவியிடம், தான் நல்லவனா கெட்டவனா என்று கேட்கிறார். படம் அந்தக் கேள்வியோடு நின்றிருந்தால் எவ்வளவோ நன்றாக இருந்திருக்கும். அதற்குப் பதில், நாடக அரங்கில் எல்லோரும் எழுந்து நின்று மெரிக்குக்குக் கைதட்டும் காட்சி வந்து, அரங்கில் இருப்பவர்களையும் நம்மையும் ஒருசேர மன்னித்து அனுப்பிவிடுகிறது.

மன்னிக்காத படம் வேண்டுமென்றால் வெர்னர் ஹெர்சாக் 1974இல் எடுத்த காஸ்பர் ஹவுசர் படத்தைப் பாருங்கள். 1828 மே மாதம் நியூரம்பர்க் நகரச் சதுக்கத்தில், கையில் ஒரு கடிதத்துடன், சரியாக நடக்கவும் பேசவும் தெரியாமல் நின்ற இளைஞனின் உண்மைக் கதையிலிருந்து எடுக்கப்பட்டது அது. அவன் யார், எங்கே அடைபட்டிருந்தான் என்பது இன்றுவரை தீராத புதிர்; 1833இல் கத்திக்குத்துக் காயத்தால் இறந்தான். புதிரை அவிழ்ப்பதில் ஹெர்சாக்குக்கு அக்கறையே இல்லை. அவனைச் சுற்றி இருப்பவர்கள் எவ்வளவு விசித்திரமானவர்கள் என்பதைத்தான் அவர் காட்டுகிறார். அவனைப் பராமரிக்கும் செலவை ஈடுகட்ட அவனே காசு ஈட்டட்டும் என்று ஊர் அதிகாரிகள் முடிவு செய்து, சந்தைக் கொட்டகையில் காட்சிக்கு நிறுத்துகிறார்கள். இங்கே கொடூரமான கொட்டகைக்காரன் எவனும் தேவைப்படவில்லை. ஒழுங்காகக் கணக்கு எழுதும் நகராட்சியே போதும்.

நீங்கள் கேட்ட 'யாருடைய கண்' என்பதற்கு இரண்டு காட்சிகளைச் சொல்வேன். ஆப்பிள்களுக்குச் சுயவிருப்பம் கிடையாது, நாம் உருட்டுகிற இடத்துக்குத்தான் போகும் என்று விளக்க, காஸ்பரின் ஆசிரியர் ஓர் ஆப்பிளைப் பாதையில் உருட்டிவிட, அதைத் தடுக்க பாதிரியார் காலை நீட்டுகிறார். ஆப்பிள் அந்தக் காலைத் தாண்டிக் குதித்து ஓடிவிடுகிறது. கெட்டிக்கார ஆப்பிள் என்கிறான் காஸ்பர். இன்னொரு காட்சியில், தர்க்கவியல் பேராசிரியர் ஒருவர், பொய்யர் ஊரிலிருந்து வருபவனையும் உண்மை பேசுவோர் ஊரிலிருந்து வருபவனையும் ஒரே கேள்வியால் பிரித்தறிவது எப்படி என்று புதிர் போடுகிறார். அவர் எதிர்பார்ப்பது இரட்டை எதிர்மறை கொண்ட ஒரு சிக்கலான வினா. காஸ்பரோ, 'நீ மரத்தவளையா என்று கேட்பேன்' என்கிறான். விடை முற்றிலும் சரி. பேராசிரியர் ஏற்க மறுக்கிறார், ஏனென்றால் அது அவருடைய முறைப்படி வரவில்லை. பார்வையாளர்கள் சிரிப்பார்கள், ஆனால் அந்தச் சிரிப்பு காஸ்பரை நோக்கிப் போகாது.

முடிவில் அவனுடைய பிரேதத்தை அறுத்து ஆராய்கிறார்கள். மூளையிலும் கல்லீரலிலும் ஏதோ இயல்புக்கு மாறாக இருப்பதைக் கண்டதும், எல்லாவற்றுக்கும் விளக்கம் கிடைத்துவிட்டதென்று குறிப்பெடுக்கும் எழுத்தர் மகிழ்ச்சியோடு வீட்டுக்கு நடந்து போகிறார். நான் பார்த்த வரையில், 'மாறுபட்டவன்' என்ற முத்திரை யாருக்கு நிம்மதி தருகிறது என்பதை இவ்வளவு சுருக்கமாகச் சொன்ன காட்சி வேறில்லை.

காஸ்பராக நடித்த புரூனோ எஸ். தொழில்முறை நடிகர் அல்லர். இளமையின் பெரும்பகுதியைக் காப்பகங்களிலும் மனநல நிலையங்களிலும் கழித்தவர், பெர்லின் தெருக்களில் வாத்தியம் வாசித்தவர். பதின்வயதுப் பாத்திரத்தில் நாற்பதைக் கடந்தவரை நிறுத்தியிருக்கிறாரே என்ற எண்ணம் படம் தொடங்கிச் சற்று நேரத்திலேயே மறந்துபோகும். 110 நிமிடம்.

ஈயக்கோப்பை எழுதியது:

மேலே பேசப்பட்டவர்கள் அனைவரும் அரிதான உடலோ அரிதான வரலாறோ உடையவர்கள். ஒரு மனிதனிடம் எந்த அரிதும் இல்லாமலேயே அவனை வேற்றாளாக்க முடியும் என்பதையும் உங்கள் வட்டம் பேச வேண்டும் என்றால், ஃபாஸ்பைண்டரின் 'அலி: ஃபியர் ஈட்ஸ் த சோல்' படத்தை இரண்டாவதாக வையுங்கள். அதுவும் 1974இல் வந்த ஜெர்மன் படமே.

மியூனிக் நகரில் துப்புரவு வேலை செய்யும் அறுபது வயதுக் கைம்பெண் எம்மி. அவரைவிட மிக இளையவரான மொராக்கோத் தொழிலாளி அலி. மழைக்கு ஒதுங்கி மதுக்கடைக்குள் நுழைந்த எம்மியோடு அலி நடனமாடுகிறார். பின்னர் இருவரும் மணந்துகொள்கிறார்கள். பிள்ளைகளிடம் செய்தியைச் சொன்னதும் ஒரு மகன் எழுந்து தொலைக்காட்சிப் பெட்டியை உதைத்து உடைக்கிறான். மளிகைக் கடைக்காரர் அலி பேசுவது புரியவில்லை என்று பாசாங்கு செய்து பொருள் தர மறுக்கிறார். அண்டை வீட்டுப் பெண்கள் படிக்கட்டு அழுக்காகிவிட்டதென்று முணுமுணுக்கிறார்கள். இதுவரை எவரும் எதிர்பார்க்கக்கூடிய கதைதான்.

படத்தின் மேன்மை அதன் பிற்பாதியில் இருக்கிறது. இருவரும் விடுமுறை சென்று திரும்பியதும் ஊர் திடீரென்று மாறிவிடுகிறது. மகனுக்குக் குழந்தையைப் பார்த்துக்கொள்ள ஆள் வேண்டும். மளிகைக்காரருக்கு வாடிக்கையாளர் வேண்டும். அண்டை வீட்டாருக்கு நிலவறையில் சாமான் வைக்க இடம் வேண்டும், கனமானவற்றைத் தூக்க அலியின் தோளும் வேண்டும். யாரும் மனம் திருந்தவில்லை, தேவை வந்தது, அவ்வளவே. ஏற்கப்பட்ட மகிழ்ச்சியில் எம்மியும் மாறுகிறார். உடன் வேலை செய்யும் பெண்கள் வீட்டுக்கு வரும்போது அலியின் புஜத்தைத் தொட்டுப் பார்க்கச் சொல்கிறார். தன் ஊர் உணவான கூஸ்கூஸைச் சமைத்துத் தரும்படி கேட்கும் கணவனிடம், ஜெர்மனியின் வழக்கத்துக்குப் பழகிக்கொள் என்கிறார். முன்பு எந்தப் படிக்கட்டில் அவரைத் தனியே உட்காரவைத்துவிட்டு மற்றவர்கள் விலகிச் சாப்பிட்டார்களோ, அதே படிக்கட்டில் புதிதாக வந்த யுகோஸ்லாவியப் பெண்ணை விலக்கிவிட்டு மற்றவர்களோடு சேர்ந்து உட்காருகிறார். நேற்றுவரை வெளியே நின்றவர் உள்ளே நுழைந்ததும் கதவைத் தாமே சாத்துகிறார் என்பதை ஃபாஸ்பைண்டர் ஒரு வசனமும் இன்றி, கேமராவை அதே இடத்தில் வைத்தே சொல்லிவிடுகிறார்.

இதைப் பார்த்தபின் நல்லவர், கெட்டவர் என்ற பிரிவினையை வைத்துக்கொண்டு உரையாட முடியாது. மெரிக்கைக் காட்டிலும் அலிக்கு நாம் குறைவாகவே அழுவோம், கூடுதலாகக் கூச்சப்படுவோம். 93 நிமிடம்தான்.

மாலைக்காட்சி எழுதியது:

மூவருக்கும் நன்றி. ஹெர்சாக்கையும் ஃபாஸ்பைண்டரையும் தேர்ந்தெடுத்துவிட்டோம் என்றே வைத்துக்கொள்ளலாம். ஒரு கேள்வி மிச்சமிருக்கிறது. வட்டத்தில் ஒருவர் டாட் பிரௌனிங் 1932இல் எடுத்த 'ஃப்ரீக்ஸ்' படத்தை விடாமல் வலியுறுத்துகிறார். அரிதான உடலமைப்புக் கொண்ட உண்மையான சர்க்கஸ் கலைஞர்களே நடித்திருப்பதால் அதுதான் நேர்மையான படம் என்பது அவர் வாதம். உங்கள் கருத்து என்ன?

கடைசிவரிசை எழுதியது:

அவர் வாதத்தில் பாதி உண்மை. முதற்பாதியில் பிரௌனிங் இந்தக் கலைஞர்களின் அன்றாடத்தைக் காட்டுகிறார்: துணி உலர்த்துகிறார்கள், பிறந்த குழந்தையைக் கொண்டாடுகிறார்கள், கைகால் இல்லாத பிரின்ஸ் ரண்டியன் உதடுகளாலேயே தீக்குச்சி உரசிச் சிகரெட் பற்றவைக்கிறார், எதிரில் இருப்பவரோ அதைக் கவனிக்கக்கூட இல்லாமல் தன் பெருமையைப் பேசிக்கொண்டிருக்கிறார். அந்தக் கவனியாமைதான் மரியாதை. ஆனால் இறுதியில் அதே கலைஞர்கள் மழையிலும் சேற்றிலும் கத்தியோடு ஊர்ந்து வருகிறார்கள். அதுவரை மனிதர்களாகக் கண்டவர்களைக் கண்டு நாம் அஞ்ச வேண்டும் என்று படம் கேட்கிறது. உண்மையானவர்களை நடிக்கவைப்பதால் மட்டுமே பார்வை நேர்மையாகிவிடாது.

பழையபிரதி எழுதியது:

நான் சற்று மாறுபடுகிறேன். அந்த முடிவுக்குக் காரணமான திருமண விருந்துக் காட்சியை மறக்கக் கூடாது. சர்க்கஸின் குள்ள உருவக் கலைஞர் ஒருவரைப் பணத்துக்காக மணக்கும் அழகிக்கு நடக்கும் விருந்து அது. 'நீயும் எங்களில் ஒருத்தி' என்று அவர்கள் பாடிக் கிண்ணத்தை நீட்டுவது உளமார்ந்த அழைப்பு. அதை அருவருப்போடு அவர்கள் முகத்திலேயே வீசுபவள் அந்த 'இயல்பான' அழகி. விலக்கப்பட்டவர்கள் வட்டத்துக்குள் வரும்படி மற்றவரை அழைப்பதாகக் காட்டிய படங்கள் அன்று மட்டுமல்ல, இன்றும் மிகக் குறைவு. பிரிட்டனில் ஏறத்தாழ முப்பது ஆண்டுகள் தடை செய்யப்பட்டதும், தயாரிப்பு நிறுவனமே கணிசமான பகுதியை வெட்டியதும் நீங்கள் அறிந்ததே. இன்று கிடைப்பது சுமார் 64 நிமிடம். முழுத் திரையிடலாக வேண்டாம் என்பதில் உடன்படுகிறேன். விருந்துக் காட்சியை மட்டும், 'அலி' படத்தில் வரும் படிக்கட்டுக் காட்சிகளோடு சேர்த்து உரையாடலின்போது போட்டுக் காட்டுங்கள். வலியுறுத்தும் நண்பரையே அதற்கு முன்னுரை சொல்லச் சொல்லலாம்.

ஈயக்கோப்பை எழுதியது:

வரிசை பற்றி ஒரு சொல்: 'அலி'யை முதலில் வையுங்கள். காஸ்பரை முதலில் பார்த்தால், அவன் தனித்துவமானவன் என்ற எண்ணத்திலேயே எல்லோரும் நின்றுவிடுவார்கள். அலியையும் எம்மியையும் பார்த்துவிட்டு வந்தால், நியூரம்பர்க் அதிகாரிகள் கணக்குப் புத்தகத்தைத் திறக்கும்போது அது யாருடைய கணக்கு என்று கூட்டத்துக்கு விளக்க வேண்டியிருக்காது.