பணிக்கொடை தாமதம்: வட்டி உண்டா?

காரைக்குடி வாசகர்: மத்திய அரசுப் பணி. ஓய்வு 2024 மே 31. பணிக்கொடை 15 லட்சம் 2025 ஜனவரி முதல் வாரம்தான் வரவானது. வட்டி கேட்கலாமா?

தேவகோட்டை: கேளுங்க. 2021 ஓய்வூதிய விதிகளில் 65-ஆவது. தாமதம் நிர்வாகத்தால் நேர்ந்திருக்கணும். முதல் மூன்று மாதத்துக்குக் கிடையாது, பிறகு ஜி.பி.எஃப். (பொது வருங்கால வைப்பு நிதி) வட்டி, அப்போ 7.1%. செப்டம்பர் முதல் டிசம்பர் வரை நாலு மாதம்: 15,00,000 × 7.1% × 4/12 = 35,500 ரூபாய்.

பள்ளத்தூர்: அண்ணே, ஓய்வூதியப் படிவங்களை எந்தத் தேதியில் கொடுத்தீங்க? முடிச்சே அங்கதான். நீங்க பிந்திக் கொடுத்திருந்தா பழி உங்க மேலேயே விழும். ஒப்புகை நகலோட துறைத் தலைவருக்கு மனு போடுங்க. மசியலைன்னா மத்திய அரசோட ஓய்வூதியப் புகார்த் தளமான சிபென்கிராம்ஸ்.

காரைக்குடி வாசகர்: விடுப்புச் சம்பளமும் (எடுக்காத விடுப்புக்கான பணம்) பிந்துச்சே?

தேவகோட்டை: இந்த விதி ஓய்வூதியம், குடும்ப ஓய்வூதியம், பணிக்கொடைக்கு மட்டும். விடுப்புச் சம்பளத்துக்கு மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம்தான் போகணும்.